கெப்லருக்கு மறுக்கப்பட்ட திருவிருந்து: வானியல் வரலாற்று நூல்கள் சிலவற்றைக் குறித்து

அறிவியலின் வரலாற்றை நாம் வரலாற்று நூல்களிலிருந்து நேராகக் கற்பது அரிது. கணிதமும் இயற்பியலும் வானியலும் வளர்ந்த கதை, அருட்பணியாளராகிய நம்மை வந்தடைவது பெரும்பாலும் ஒரு பிரசங்க உதாரணமாகவோ, வாலிபர் கூட்டத்தில் எழும் ஒரு கேள்வியாகவோதான். திருச்சபை கலிலேயோவைத் துன்புறுத்தியது உண்மையா? பூமி சுழல்கிறது என்றவர்களைக் கால்வின் பழித்தாரா? இவற்றைக் கேட்பவரும் இவற்றுக்கு விடையிறுப்பவரும் தாம் அறியாமலே ஒரு சில நூல்களின் நிழலில் நின்றுதான் பேசுகின்றனர். அந்நூல்களைக் கையிலெடுத்துப் படித்தவர்கள் நம்மிடையே மிகச் சிலர். அவற்றுட் சிலவற்றை எடுத்துக்கொண்டு, அவை திருச்சபையைப் பற்றி எதைச் சொல்லின, எதைச் சொல்லத் தவறின என்று காண்பது இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் வருவது ஜான் வில்லியம் டிரேப்பர் 1874இல் வெளியிட்ட, சமயத்திற்கும் அறிவியலுக்கும் இடையே நிகழ்ந்த மோதலின் வரலாறு. டிரேப்பர் ஒரு மெதடிஸ்டு போதகரின் மகன். நியூயார்க்கில் வேதியியல் பேராசிரியர். 1860இல் ஆக்ஸ்போர்டில் பேராயர் வில்பர்போர்ஸும் ஹக்ஸ்லியும் மோதிக்கொண்ட அப்புகழ்பெற்ற கூட்டத்தில் நீண்ட சொற்பொழிவாற்றியவர் இவரே. இவருடைய நூலின் சினம் பெரும்பாலும் உரோமைத் திருச்சபையை நோக்கியது. அக்காரணத்தினாலேயே சீர்திருத்தத் திருச்சபையினர் பலர் அதை மனமுவந்து படித்தனர் என்று கருத இடமுண்டு. இன்று அதை வரலாறாகப் படிப்பதற்கில்லை. ஒரு காலத்தின் மனப்போக்குக்குச் சான்றாகப் படிக்கலாம். அதற்குமேல் அதைப் பற்றிச் சொல்ல வேண்டுவதில்லை.

ஆண்ட்ரூ டிக்சன் ஒயிட் என்பாரின் நூலை அவ்வாறு எளிதில் ஒதுக்கிவிட இயலாது. கிறிஸ்தவ உலகில் அறிவியலுக்கும் இறையியலுக்கும் நடந்த போரின் வரலாறு எனும் பொருள்படத் தலைப்பிட்டு, 1896இல் அது இரண்டு பெருந்தொகுதிகளாக வெளிவந்தது. ஒயிட் கார்னெல் பல்கலைக்கழகத்தின் முதல் தலைவர். எந்தச் சபைப் பிரிவுக்கும் கட்டுப்படாத பல்கலைக்கழகம் ஒன்றை நிறுவ முற்பட்டமைக்காகச் சபையாரிடமிருந்து அவர் கடும் வசைமொழிகளைப் பெற்றார். அப்புண்ணிலிருந்து பிறந்தது அந்நூல். 1869இல் நியூயார்க்கில் ஆற்றிய ஒரு சொற்பொழிவே சிறிது சிறிதாக விரிந்து அத்தொகுதிகளாயிற்று. ஒயிட் கடவுள் மறுப்பாளர் அல்லர். உண்மைச் சமயத்தைக் குறுகிய மனமுடைய இறையியலிலிருந்து மீட்பதே தம் நோக்கம் என்று அவர் கருதினார். அவருடைய உரைநடை தெளிவானது. பக்கத்தின் அடியில் குறிப்புகள் நெருக்கமாக நிற்கின்றன. அக்குறிப்புகளின் கனத்தைக் கண்டே பின்வந்தோர் அவரை நம்பினர்.

அந்நம்பிக்கை எங்கே இடறியது என்பதற்குக் கால்வினைப் பற்றிய செய்தியே சிறந்த சான்று. கொப்பர்நிக்கஸின் அதிகாரத்தைத் தூய ஆவியானவரின் அதிகாரத்துக்கு மேலாக வைக்கத் துணிபவன் யார் என்று கால்வின் ஆதியாகம விளக்கவுரையில் கேட்டதாகவும், 93ஆம் சங்கீதத்தை அதற்குச் சான்றாக்கியதாகவும் ஒயிட் எழுதினார். பெர்ட்ரண்டு ரஸ்ஸல் 1945இல் வெளியிட்ட மேனாட்டுத் தத்துவ வரலாற்றில் இதைத் திருப்பிச் சொன்னார். தாமஸ் கூன் 1957இல் கொப்பர்நிக்கஸின் புரட்சியைப் பற்றி எழுதிய நூலிலும் ஒயிட்டையே சான்றாகக் கொண்டு இதைச் சேர்த்துக்கொண்டார். ரஸ்ஸலுக்குச் சமயத்தின்மேல் இருந்த கசப்பு அனைவரும் அறிந்தது. ஆனால் கூன் பொறுமையுள்ள ஆய்வாளர். அவரும் கால்வினின் விளக்கவுரையைப் புரட்டிப் பார்க்கவில்லை. 1960இல் எட்வர்டு ரோசன் என்பார் அதைச் செய்தார். அவ்வாக்கியம் அங்கு இல்லை. கால்வினின் நூல்களில் வேறெங்கும் அவருக்கு அது கிட்டவில்லை. ஒயிட் அதை எடுத்தது 1886இல் வெளிவந்த ஃபாரரின் திருமறை விளக்க வரலாற்றிலிருந்து. ஃபாரரோ அதற்கு இடங்குறிக்கவே இல்லை. அவர் பின்னாளில் கேன்டர்பரிப் பேராலயத்தின் தலைமைக் குரு. ஆகவே இப்பழியைக் கால்வின்மேல் முதன்முதல் அச்சிலேற்றியவர் திருச்சபையின் பகைவர் அல்லர், திருப்பணியாளரே.

இவ்விடத்தில் சீர்திருத்தத் திருச்சபையார் பலர் மகிழ்ச்சியோடு நூலை மூடிவிடுகின்றனர். மூடுதல் ஆகாது. 1971இல் ரிச்சர்டு ஸ்டாஃபர், கால்வின் கொரிந்தியருக்கு எழுதிய முதல் நிருபத்தின்மேல் 1556இல் நிகழ்த்திய பிரசங்கங்களில் ஒன்றைச் சுட்டிக்காட்டினார். சூரியன் அசைவதில்லை, பூமியே சுழல்கிறது என்போரை அதில் கால்வின் மதிமயங்கியவர்கள் என்று கண்டிக்கிறார். கொப்பர்நிக்கஸின் பெயர் அங்கில்லை. ஆதலின், சொல்லாத ஒன்றைச் சொன்னதாகக் கால்வின்மேல் ஏற்றியது பிழை. அவர் ஒன்றுமே சொல்லவில்லை என்பதும் பிழை. லூத்தரின் செய்தியும் இத்தன்மையதே. 1539இல் உணவு மேசையருகே, யோசுவா நிலைத்து நிற்கக் கட்டளையிட்டது சூரியனையேயன்றிப் பூமியை அன்று என அவர் ஏளனமாகச் சொன்னதை மாணவர் ஒருவர் குறித்துவைத்தார். மூடன் எனும் சொல் பின்னர் 1566இல் அச்சேறிய வடிவத்தில்தான் காணப்படுகிறது. உணவின்போது உதிர்ந்த ஒரு சொல்லை ஒரு திருச்சபையின் தீர்ப்பாக்குவது வரலாற்று முறையன்று.

லூத்தரின் மேசையை விட்டுவிட்டு லூத்தரின் பல்கலைக்கழகத்தைப் பார்த்திருந்தால் ஒயிட் வேறொரு காட்சியைக் கண்டிருப்பார். அதே 1539இல்தான் விட்டன்பர்க்கின் இளங்கணிதப் பேராசிரியர் ரேட்டிக்கஸ், உரோமைத் திருச்சபையைச் சேர்ந்த கொப்பர்நிக்கஸைத் தேடி ஃப்ரௌவன்பர்க் சென்றார். புதிய கொள்கையை முதன்முதல் அச்சில் அறிமுகப்படுத்திய சிறு நூல் 1540இல் டான்சிக் நகரில் வெளிவந்தது. அது ரேட்டிக்கஸ் எழுதியது. 1543இல் மூலநூல் அச்சானது நூரன்பர்க் எனும் லூத்தரன் நகரில். அது அர்ப்பணிக்கப்பட்டதோ மூன்றாம் பவுல் என்னும் போப்பாண்டவருக்கு. கணிதக் கருதுகோள்கள் உண்மையாயிருக்க வேண்டுவதில்லை, கணக்குக்கு உதவினால் போதும் என்று அதன் முகப்பில் பெயரிடாமல் ஒரு முன்னுரை சேர்த்தவர் ஒசியாண்டர். அவர் நூரன்பர்க் நகரின் லூத்தரன் பிரசங்கியார். அம்முன்னுரையைக் கொப்பர்நிக்கஸே எழுதியதாகப் பலர் எண்ணிவந்தனர். எழுதியவர் யாரென 1609இல் அச்சிலேயே வெளிப்படுத்தியவர் கெப்லர். போர் என்ற ஒரே சொல்லுக்குள் இவையனைத்தையும் அடைக்க ஒயிட்டுக்கு இடம் போதவில்லை.

இந்தக் காட்சியை உயிரோடு வரைந்தவர் ஆர்தர் கோஸ்ட்லர். தி ஸ்லீப்வாக்கர்ஸ் எனும் அவருடைய நூல் 1959இல் வந்தது. தூக்கத்தில் நடப்பவர் வழி தவறாமல் போய்ச் சேருவதைப் போல, வானியலார் தாம் தேடியதை விட்டு வேறொன்றைக் கண்டடைந்தனர் என்பது அவர் கருத்து. நாவலாசிரியர் எழுதிய வரலாறாதலின் மாந்தர் நம் முன் நடமாடுகின்றனர். அதுவே அதன் குறையும் ஆகும். கோஸ்ட்லருக்குக் கெப்லர்மேல் காதல், கொப்பர்நிக்கஸ்மேல் இகழ்ச்சி, கலிலேயோமேல் எரிச்சல். ஒருவரை விரும்பினால் அவர் பிழைகளும் ஒளிவீசுகின்றன. வெறுத்தால் அவர் நிறைகளும் சூழ்ச்சிகளாகின்றன. கொப்பர்நிக்கஸின் நூலை எவரும் படிக்கவில்லை என்று அவர் துணிந்து எழுதினார்.

அத்துணிவுக்கு விடையிறுக்க ஒருவர் 30 ஆண்டுகள் உழைத்தார். ஹார்வர்டு வானியலார் ஓவன் கிங்கரிச், மெனோனைட்டுச் சபைக் குடும்பத்தில் பிறந்து 2023இல் மறைந்தவர். 1970இல் எடின்பரோவில் கொப்பர்நிக்கஸ் நூலின் முதற்பதிப்புப் பிரதியொன்றைத் திறந்தபோது, அதன் ஓரங்களெல்லாம் விட்டன்பர்க் பேராசிரியர் எராஸ்முஸ் ரைன்ஹோல்டின் கையெழுத்தால் நிரம்பியிருக்கக் கண்டார். படிக்கப்படாத நூலுக்கு ஓரக்குறிப்புகள் எவ்வாறு வந்தன? 1543ஆம் ஆண்டின் முதற்பதிப்பும் 1566ஆம் ஆண்டின் இரண்டாம் பதிப்புமாக ஏறத்தாழ 600 பிரதிகளை நாடு நாடாகத் தேடிச்சென்று ஆராய்ந்து, 2002இல் அவற்றின் விவரப்பட்டியலையும், 2004இல் அத்தேடலின் கதையையும் வெளியிட்டார். எவரும் படிக்காத புத்தகம் எனும் பொருள்பட அக்கதைக்கு அவர் இட்ட தலைப்பு கோஸ்ட்லரை நோக்கிய மென்மையான நகை.

கிங்கரிச்சின் நூலில் புத்தகச் சந்தை, ஏலம், திருட்டு ஆகியவற்றைப் பற்றிய பக்கங்கள் தேவைக்கு மேல் நீள்கின்றன. எனினும் அவருடைய முறையில் இறையியல் மாணவர் கற்பதற்கு மிகுதியாக உண்டு. 1616இல் உரோமை, கொப்பர்நிக்கஸின் நூலைத் திருத்தப்படும்வரை நிறுத்திவைத்தது. 1620இல் திருத்தங்களை வெளியிட்டது. இத்தாலியிலிருந்த பிரதிகளில் மூன்றில் இரண்டு பங்கு அவ்வாறே திருத்தப்பட்டன. ஸ்பெயினிலும் போர்ச்சுகலிலும் இருந்தவற்றிலோ திருத்தம் காணப்படவே இல்லை எனலாம். ஆணையை மட்டும் படிக்கும் வரலாற்றாசிரியன் ஒரு செய்தியைக் காண்கிறான். ஆணை சென்று சேர்ந்த பக்கத்தைப் பார்ப்பவன் வேறொன்றைக் காண்கிறான். மூலப்பிரதிகளை ஒப்பிட்டுப் பாடம் காணப் பயின்ற நமக்கு இது புதிதன்று. நம் மூதாதையரைப் பற்றிய வரலாற்றுக்கும் அப்பயிற்சி வேண்டும் என்பதைத்தான் நாம் மறந்துவிட்டோம். விட்டன்பர்க்கின் ஆசிரியர்கள் கொப்பர்நிக்கஸைப் பழிக்கவும் இல்லை, அப்படியே ஏற்கவும் இல்லை; கணக்கை ஏற்றுப் பூமியின் ஓட்டத்தை ஒதுக்கினர். ரைன்ஹோல்டின் குறிப்புகள் செறிந்திருப்பது கணிதப் பகுதிகளிலேயே. சூரியனை நடுவில் வைக்கும் அதிகாரங்களில் அவை அருகியே உள்ளன.

இனிக் கெப்லருக்கு வருவோம். மேற்கூறிய நூல்கள் பலவும் தடுமாறும் இடம் இதுவே.

கெப்லரை ஸ்டுட்கார்ட் நகரின் சபை ஆலோசனை மன்றம் எச்சரித்தது என்றும், அவர் தம் உலகக் கொள்கையைத் திருமறையோடு இசைவிக்கப் பணிக்கப்பட்டார் என்றும் ஒயிட் எழுதுகிறார். அதைப் படிப்பவர், பூமி சுழல்கிறது என்றமைக்காகவே லூத்தரன் திருச்சபை கெப்லரை ஒடுக்கியது என்று கொள்வர். அம்மன்றம் கெப்லரின் மனுவுக்கு 1612இல் விடையெழுதியது உண்மை. ஆனால் அதன் பொருள் வானியல் அன்று, திருவிருந்து.

நிகழ்ந்தது இதுதான். டியூபிங்கனில் இறையியல் பயின்று ஆயராக விரும்பிய கெப்லரை, படிப்பு முடியுமுன்னரே 1594இல் கிராட்ஸ் நகருக்குக் கணித ஆசிரியராக அனுப்பினர். உரோமைச் சமயத்துக்கு மாற மறுத்தமையால் 1600இல் அந்நகரிலிருந்து வெளியேற்றப்பட்டார். லூத்தரன் விசுவாசத்துக்காக வீடும் வேலையும் இழந்தவர் அவர். 1612இல் லின்ட்ஸ் நகருக்கு வந்ததும், தலைமைப் போதகராகிய டேனியல் ஹிட்ஸ்லரிடம் திருவிருந்தில் பங்குபெற அனுமதி கேட்டார். 1577இல் லூத்தரன் இறையியலார் வகுத்த ஒற்றுமை அறிக்கையில், கிறிஸ்துவின் உடல் எங்கும் நிறைந்திருத்தல் என்னும் கோட்பாட்டைத் தம்மால் ஏற்க இயலவில்லை என்பதைக் கெப்லர் ஒளிக்காமல் முன்னரே சொன்னார். அப்படியாயின் ஐயமின்றிக் கையொப்பமிடும்வரை திருவிருந்து இல்லை என்றார் ஹிட்ஸ்லர். கெப்லர் ஸ்டுட்கார்ட் மன்றத்துக்கு மேல்முறையீடு செய்தார். மன்றம் போதகரின் பக்கமே நின்றது. இறையியலை விட்டுக் கணிதத்தைப் பாரும் என்பதே அது கெப்லருக்குச் சொன்ன அறிவுரையின் சாரம்.

வாய்மூடியிருந்தால் கெப்லருக்குத் தொல்லை ஏதும் நேர்ந்திராது என்பதை இங்கே கவனிக்க வேண்டும். வாயால் ஒன்றும் மனத்தால் ஒன்றுமாகத் திருமேசையை அணுக அவர் விரும்பவில்லை. திருவிருந்துக் கோட்பாட்டில் அவர் கால்வினியரை நெருங்கினார். முன்குறித்தல் கோட்பாட்டில் அவர்களை மறுத்தார். உரோமையிடம் போகவும் இசையவில்லை. எனவே மூன்று சபைகளுக்கும் அவர் சந்தேகத்துக்குரியவரானார். 1617இல் தம் பிள்ளைகளுக்கென்று திருவிருந்தைப் பற்றிச் சிறு நூல் ஒன்றையும் எழுதிவைத்தார். தாம் விலக்கப்பட்ட மேசையைப் பற்றித் தம் பிள்ளைகளுக்குப் போதித்த தந்தை அவர்.

விலக்கியவர்கள் கொடியவர்களும் அல்லர். ஹிட்ஸ்லர், கெப்லரைப் போலவே வூர்ட்டம்பர்க் நாட்டிலிருந்து வந்தவர், கற்றவர், தாம் கையொப்பமிட்ட அறிக்கைக்கு உண்மையாயிருக்க எண்ணியவர். டியூபிங்கன் இறையியல் பேராசிரியர் ஹாஃபென்ரெஃபரோ கெப்லரின் நெடுநாளைய அன்பர். கெப்லர் தம் முதல் நூலை 1596இல் அச்சிடுகையில், திருமறைக்கும் கொப்பர்நிக்கஸுக்கும் இசைவு காட்டும் பகுதியை நீக்கிவிட்டுக் கணிதராக மட்டும் எழுதும்படி அறிவுறுத்தியவர் அவர். 1618இல் கெப்லர் மீண்டும் அவரிடமே முறையிட்டார். மடல்கள் அன்போடு தொடங்கின. 1619 ஜூலை 31இல் வந்த இறுதி விடையில் ஹாஃபென்ரெஃபர் தனியாகப் பேசவில்லை. டியூபிங்கன் இறையியல் துறையின் குரல் அதில் ஒலித்தது. திருவிருந்து மறுக்கப்பட்டது. அதே ஆண்டின் அக்டோபரில் ஹாஃபென்ரெஃபர் காலமானார்.

கோள்கள் சூரியனைச் சுற்றும் காலத்தின் இருபடி, அவற்றின் சராசரித் தொலைவின் முப்படியோடு ஒரே விகிதத்தில் நிற்கிறது என்பதைக் கெப்லர் உறுதியாகக் கண்டது 1618 மே 15இல். அதை வெளியிட்ட உலக இசைவைப் பற்றிய நூல் 1619இல் வந்தது. அறிவியல் வரலாற்று நூல்கள் இவ்விதியைக் கொண்டாடுகின்றன. இயற்பியல் மாணவர் இதை மனப்பாடம் செய்கின்றனர். இதே காலத்தில் இவர் தம் ஊரின் ஆலயத்தில் அப்பமும் இரசமும் மறுக்கப்பட்டவராக அமர்ந்திருந்தார் என்பதை அவை ஓரிரு வரிகளில் கடந்துவிடுகின்றன. கோஸ்ட்லரும் இதை மறைக்கவில்லை. ஆனால் சுருங்கச் சொல்லி அப்பால் போய்விடுகிறார். அவருக்கு இது கெப்லரின் வாழ்வில் வந்த பல இடுக்கண்களில் ஒன்று. கெப்லருக்கோ ஏழாண்டுகள் ஓயாது மடல் எழுதச் செய்த புண்.

ஒயிட் சரியான திருச்சபையைக் குற்றக்கூண்டில் நிறுத்தித் தவறான குற்றத்தைச் சாட்டினார் என்றே சொல்ல வேண்டும். வானியலுக்காக ஒடுக்கப்பட்டார் என்பது, நமக்கு ஒருவகையில் வசதியான குற்றச்சாட்டு. பூமி சுழல்வதை இன்று மறுப்பார் எவருமில்லை. ஆகவே அக்குற்றம் இறந்துபோன தலைமுறையோடு புதைந்துவிட்டது எனலாம். அறிக்கையில் கையொப்பமிடத் தயங்கிய மனச்சான்றுக்காக ஒருவனைத் திருமேசையினின்று விலக்குதல் அவ்வாறு புதைந்துபோகவில்லை. கையொப்பம் வாங்குவதும் இடுவதும் அருட்பொழிவு பெறும் நாம் நன்கறிந்த செயல்களே.

திருச்சபைக்காகப் பரிந்துபேசும் நூல்களும் இதில் மேலானவை அல்ல. அவற்றுள் தலைசிறந்தது ஹோய்காஸ் 1972இல் வெளியிட்ட, சமயமும் நவீன அறிவியலின் எழுச்சியும் பற்றிய நூல். இயற்கையைத் தெய்வமாக்காத திருமறையின் நோக்கே அதை அஞ்சாமல் ஆராய வழிவிட்டது என்று அவர் வாதிக்கிறார். கால்வினைப் பற்றிய பொய்மேற்கோளையும் மறுக்கிறார். வாதம் வலிவுடையது, கிரேக்கரும் அரபியரும் அதில் பெறும் இடம்தான் குறைவு. ஹோய்காஸ் அறிஞர். அவர் வழியில் எளிய பிரசுரங்களை எழுதியோர் அத்தகையர் அல்லர். அவற்றில் கெப்லர் பக்தியுள்ள அறிவியலாளராக மட்டும் தோன்றுகிறார். கடவுளின் எண்ணங்களை அவருக்குப்பின் எண்ணுவதாகக் கெப்லர் சொன்ன ஒரு வாக்கியம் பிரசுரந்தோறும் வருகிறது. எந்நூலின் எப்பக்கத்தில் என்று சொல்வாரில்லை. ஃபாரர் கால்வினுக்குச் செய்ததற்கும் இதற்கும் முறையளவில் வேறுபாடு யாது? ஒன்று வசை, மற்றது புகழ். இரண்டும் பிரதியைப் பாராமல் எழுதப்பட்டவை. அப்பக்தியுள்ள கெப்லர் எந்த ஆலயத்தில் திருவிருந்து பெற்றார் என்று கேட்டால் இப்பிரசுரங்கள் வாய்திறப்பதில்லை.

இதற்கு மாறாக, 1991இல் ஜான் ஹெட்லி புரூக் எழுதிய நூலும், ரொனால்டு நம்பர்ஸ் 2009இல் தொகுத்த கட்டுரைகளும் போர்க்கதையையும் நேசக்கதையையும் ஒருங்கே மறுக்கின்றன. உறவு சிக்கலானது என்பது அவர்கள் முடிபு. உண்மைதான், ஆயினும் எல்லாம் சிக்கலானது என்று சொல்லி அமைதல், குறிப்பிட்ட ஒருவனுக்குக் குறிப்பிட்ட நாளில் இழைக்கப்பட்டதை மங்கலாக்கிவிடவும் கூடும். வரலாற்றாசிரியருக்கு அந்நடுநிலை அழகு. ஆயர் அதோடு நின்றுவிட இயலுமா என்பது ஐயம்.

அவ்வாறு மங்கலாக்காத நூல்கள் இரண்டு உண்டு. கெப்லரின் முழுப் படைப்புகளையும் பதிப்பிக்கும் பணியைத் தொடங்கி நடத்திய மாக்ஸ் காஸ்பர் 1948இல் ஜெர்மானிய மொழியில் எழுதிய வாழ்க்கை வரலாறு, 1959இல் ஆங்கிலத்தில் வந்தது. நடை சற்றுக் கனமானது. கணிதப் பகுதிகளில் பொறுமை வேண்டும். ஆனால் மடல்களை அடுக்கடுக்காகத் தம் முன் வைத்துக்கொண்டு எழுதியவர் ஆதலின், திருவிருந்து வழக்கை அதற்குரிய விரிவோடு சொல்கிறார். செவ்வாய்க் கோளின் பாதையில் எட்டுக் கலை வேறுபாட்டை, அதாவது ஒரு பாகையின் அறுபதில் எட்டுப் பங்கைக்கூடப் புறக்கணிக்க மறுத்து, ஈராயிரம் ஆண்டுகள் கோலோச்சிய வட்டத்தைக் கைவிட்ட கெப்லரையும், ஓர் அறிக்கையின் ஒரு பிரிவில் பொய்யாக ஒப்பமிட மறுத்த கெப்லரையும் அவர் நூலில் ஒரே மனிதராகக் காண்கிறோம். வேறெந்த நூலும் இதை இவ்வளவு தெளிவாகக் காட்டியதாக நாம் அறியோம்.

மற்றது உலிங்கா ருப்ளாக் 2015இல் வெளியிட்ட, வானியலாரையும் சூனியக்காரியையும் பற்றிய நூல். கெப்லரின் தாய் கத்தரீனாமேல் 1615இல் சூனியக் குற்றம் சுமத்தப்பட்டது, 1620இல் சிறையிலிடப்பட்டார். எழுத்தறியாத, எழுபது வயதைக் கடந்த அம்மூதாட்டிக்காக மகன் தம் வேலையை விட்டு வந்து வழக்காடினார். 1621இல் விடுதலை, அடுத்த ஆண்டே மரணம். கோஸ்ட்லர் இத்தாயை ஏறக்குறைய ஒரு சூனியக்காரியாகவே தீட்டியிருந்தார். ருப்ளாக் வழக்கேடுகளைப் படித்து, அவர் உழைத்துப் பிழைத்த, வாய்த்துடுக்குள்ள ஒரு கைம்பெண் என்பதைக் காட்டுகிறார். கத்தரீனாவை ஏசியோரும் காத்தோரும் ஒரே ஆலயத்தில் ஒரே ஞானப்பாட்டைப் பாடிய லூத்தரன் மக்கள்.

நம் நூலகங்கள் இவ்வரிசையில் ஒரே ஒரு நூலை வாங்க இயலுமாயின், அது காஸ்பராக இருக்கட்டும். ஒயிட்டின் இரு தொகுதிகளும் முன்னரே இருக்குமாயின் அவற்றை அகற்ற வேண்டுவதில்லை. காஸ்பருக்குப் பக்கத்தில் வைத்தால் போதும். திருச்சபை வரலாறு பயிலும் மாணவர், 1612ஆம் ஆண்டைக் குறித்து இரு நூல்களும் கூறுவதை ஒருநாள் அருகருகே திறந்து படிக்கட்டும்.